லினக்ஸில் ஹார்டுவேர் சிமுலேட்டர் நிறுவுவது எப்படி: ஐகாரஸில் தொடங்கி லைசென்ஸ் சர்வர் வரை

டிஜிட்டல் சர்க்யூட்டுகளை எழுதும் மொழியான வெரிலாக்கில் ஒரு சின்ன கவுண்டர் எழுதி, அது எண்ணுவதைத் திரையில் பார்க்க அரை மணி நேரம் போதும். அதே கவுண்டரை ஒரு வணிக சிமுலேட்டரில் (சர்க்யூட்டைக் கணினியிலேயே நடத்திக் காட்டும் நிரல்) ஓட்டிப் பார்க்க எனக்கு முதல் தடவை முழுதாக இரண்டு நாள் ஆனது, அதில் ஒரு நாள் கண்ணெதிரே இருக்கும் கோப்பை "அப்படி ஒரு கோப்பே இல்லை" என்று சொன்ன ஒரு பிழைச் செய்தியோடு போனது. அந்த இரண்டு நாளை நீங்களும் செலவழிக்க வேண்டாம் என்றுதான் இதை இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

ஒரு விஷயம் முதலிலேயே. கட்டளைகளையும் கோப்புப் பெயர்களையும் இங்கே ஒலிக்கும் விதத்தில் தமிழில் எழுதியிருக்கிறேன். டெர்மினலில் அவற்றை ஆங்கில எழுத்தில், சிறிய எழுத்தாகவே தட்டுங்கள். பெரிய எழுத்து வர வேண்டிய இடத்தில் சொல்லிவிடுகிறேன்.

எதையும் இறக்குவதற்கு முன்

நான்கு விஷயங்களைப் பாருங்கள். "யூநேம் மைனஸ் எம்" என்று கொடுத்தால் பிராசஸர் வகை தெரியும். எக்ஸ்86 64 பிட் என்று வர வேண்டும், ஏனென்றால் வணிக சிமுலேட்டர்கள் பெரும்பாலும் அதற்குத்தான் கிடைக்கின்றன. "டிஎஃப் மைனஸ் எச்" காலி இடத்தைக் காட்டும். இலவசக் கருவிகளுக்கு சில ஜிபி போதும், ஆனால் எஃப்பிஜிஏ (வாங்கிய பிறகு நாமே சர்க்யூட்டை ஏற்றும் சிப்) நிறுவனங்களின் முழுத் தொகுப்பு என்றால் 100 ஜிபி வரை ஒதுக்கி வையுங்கள், இறக்கிய கோப்பும் விரித்த கோப்பும் ஒரே நேரத்தில் டிஸ்க்கில் இருக்கும் என்பதை மறக்க வேண்டாம். "ஃப்ரீ மைனஸ் எச்" மெமரியைக் காட்டும்.

நான்காவதுதான் முக்கியம்: "எல்டிடி மைனஸ் மைனஸ் வெர்ஷன்". இது ஜிலிப்சி, அதாவது நிரல்கள் நம்பியிருக்கும் அடிப்படை சி லைப்ரரி, எந்தப் பதிப்பு என்று சொல்லும். ரெட் ஹாட் 7-இல் அது 2.17, 8-இல் 2.28, 9-இல் 2.34, உபுண்டு 22.04-இல் 2.35, 24.04-இல் 2.39. பழைய ஜிலிப்சிக்காகக் கட்டிய நிரல் புதியதில் ஓடும், புதியதற்காகக் கட்டியது பழையதில் ஓடாது. அதனால் பழைய சென்ட்ஓஎஸ் 7 இயந்திரத்தில் இன்றைய சிமுலேட்டரைப் போட முயன்று நேரத்தை வீணாக்காதீர்கள். சென்ட்ஓஎஸ் 7-க்கான ஆதரவு 2024 ஜூன் 30-உடன் முடிந்தும் விட்டது. வணிகக் கருவி ஒன்றைத்தான் தினமும் ஓட்டப்போகிறீர்கள் என்றால், அந்த நிறுவனம் தன் வெளியீட்டுக் குறிப்பில் எந்த டிஸ்ட்ரோவைச் சொல்லியிருக்கிறதோ அதையே போடுங்கள். ரெட் ஹாட் என்று சொல்லியிருந்தால் ராக்கி லினக்ஸும் ஆல்மா லினக்ஸும் கிட்டத்தட்ட அப்படியே பொருந்தும்.

முதலில் ஐகாரஸ், எது எப்படியிருந்தாலும்

உங்களுக்கு வேண்டியது வணிக சிமுலேட்டர்தான் என்றாலும் ஐகாரஸ் வெரிலாக் என்ற இலவச சிமுலேட்டரை முதலில் போடுங்கள். லைசென்ஸ் கிடையாது, கணக்குத் தொடங்க வேண்டாம், இரண்டே நிமிடம். பிற்பாடு ஏதாவது சிக்கல் வந்தால் கோளாறு உங்கள் கோடிலா கருவியிலா என்று பிரித்துப் பார்க்க இது கையில் இருக்க வேண்டும்.

உபுண்டு, டெபியனில் "சூடோ ஏபிடி இன்ஸ்டால் ஐவெரிலாக் ஜிடிகேவேவ்". ஃபெடோராவில் ஏபிடிக்குப் பதில் டிஎன்எஃப், அவ்வளவுதான். ஜிடிகேவேவ் என்பது வேவ்ஃபார்ம் (சிக்னல்கள் நேரத்தோடு மாறுவதைக் காட்டும் படம்) பார்க்கும் நிரல், எந்த சிமுலேட்டரோடும் சேரும். உபுண்டு 22.04-இல் ஐகாரஸ் 11-உம் 24.04-இல் 12-உம் வரும். இரண்டில் எது வந்தாலும் இந்த வேலைக்குப் போதும்.

இப்போது ஒரு சோதனைக் கோடு எழுதுங்கள். இதை ஒரு ஃபோல்டரில் போட்டுப் பத்திரமாக வையுங்கள், இந்த வழிகாட்டி முழுக்க இதே கோடுதான். ஒரு 8 பிட் கவுண்டர்: கிளாக் ஏறும் விளிம்பில் ரீசெட் 1 ஆக இருந்தால் பூஜ்யம், இல்லையென்றால் ஒன்று கூட்ட வேண்டும். டெஸ்ட்பெஞ்சில், அதாவது கவுண்டருக்கு உள்ளீடு கொடுத்துச் சோதிக்கும் இரண்டாவது கோப்பில், கிளாக் பூஜ்யத்தில் தொடங்கி ஒவ்வொரு 5 அலகுக்கும் புரளட்டும். ரீசெட் முதலில் 1, நேரம் 20-இல் 0. அதிலிருந்து 200 அலகு கழித்து, அதாவது நேரம் 220-இல், கவுண்டரின் மதிப்பை அச்சிட்டு முடித்துவிடுங்கள். தொடக்கத்திலேயே டம்ப்ஃபைல், டம்ப்வார்ஸ் இரண்டையும் அழைத்துவிடுங்கள், அப்போதுதான் வேவ்ஃபார்ம் கோப்பு உருவாகும்.

ஓட்டுவதற்கு முன்பே விடையைக் கணக்குப் போட்டு வைக்கலாம். கிளாக் 5, 15, 25 என்று ஏறுகிறது. ரீசெட் போன பின் முதல் ஏற்றம் 25-இல், கடைசி ஏற்றம் 215-இல், ஆக மொத்தம் 20 ஏற்றங்கள். அச்சாகும் எண் 20 ஆக இருக்க வேண்டும். ஜிடிகேவேவில் அதையே 14 என்று பார்ப்பீர்கள், அது பதினாறடிமானத்தில் காட்டுவதால்தான். சிக்னல் மேல் வலது கிளிக் செய்து டெசிமலுக்கு மாற்றிக்கொள்ளலாம்.

ஓட்டுவது இரண்டு படி. "ஐவெரிலாக் மைனஸ் ஜி2012 மைனஸ் ஓ" என்று தொடங்கி, வெளியீட்டுக் கோப்பின் பெயர், பிறகு உங்கள் இரண்டு வெரிலாக் கோப்புகள். ஜி2012 என்பது சிஸ்டம்வெரிலாக் இலக்கணத்தை ஏற்கச் சொல்வது. அதை விட்டுவிட்டுத்தான் பலர் "லாஜிக் என்று எழுதினால் பிழை வருகிறது" என்று தேடுகிறார்கள். அப்புறம் அந்த வெளியீட்டுக் கோப்பை விவிபி என்ற நிரலிடம் கொடுங்கள். ஐகாரஸ் தருவது நேரடியாக இயங்கும் இயந்திரக் கோடு இல்லை, அதை ஓட்டுவது விவிபிதான்.

20 வந்ததா? சரி, அடுத்ததற்குப் போகலாம்.

வெரிலேட்டர், அதன் வேகம், அது மறைக்கும் ஒன்று

வெரிலேட்டர் உங்கள் வெரிலாக்கை சி++ ஆக மாற்றி, ஜிசிசியிடம் கொடுத்து, ஓடும் நிரலாக்கித் தருகிறது. பெரிய டிசைனில் ஐகாரஸோடு ஒப்பிட்டால் வேகம் பல மடங்கு. இதை மட்டும் ஏபிடியில் இருந்து போடுவதற்கு முன் பதிப்பைப் பாருங்கள்: உபுண்டு 22.04 தருவது 4.038, 24.04 தருவது 5.020. இந்த இரண்டுக்கும் நடுவில்தான் பெரிய மாற்றம் நடந்தது. 5-ஆம் பதிப்பில் இருந்துதான் டெஸ்ட்பெஞ்சில் எழுதும் தாமதங்களை அது உண்மையாகவே நடத்துகிறது. அதற்கு முன் கிளாக்கை நீங்களே சி++ கோடில் ஆட்டிவிட வேண்டும். ஆகவே 22.04 வைத்திருப்பவர்கள் மூலக் கோடில் இருந்து கட்டிக்கொள்வதே நல்லது.

கட்டுவது இப்படி. கிட், ஆட்டோகான்ஃப், மேக், ஜி++, ஃப்ளெக்ஸ், பைசன், ஹெல்ப்2மேன், பெர்ல், பைதான்3 ஆகியவற்றை ஏபிடியில் போடுங்கள், ஃப்ளெக்ஸின் டெவலப்மென்ட் லைப்ரரியையும் சேர்த்து. ஜிசிசி 10 அல்லது அதற்கு மேல் இருக்க வேண்டும், தாமதங்களுக்கு அது சி++20-இன் கோரூட்டீன்களை நம்பியிருக்கிறது. களஞ்சியத்தை கிட் குளோன் செய்து, ஸ்டேபிள் கிளைக்கு மாறி, ஆட்டோகான்ஃப், பிறகு கன்ஃபிகர், பிறகு மேக், பிறகு மேக் இன்ஸ்டால். கன்ஃபிகரில் ப்ரீஃபிக்ஸாக ஆப்ட் ஃபோல்டருக்குள் பதிப்பு எண்ணோடு ஒரு பாதை கொடுங்கள். நாளை அடுத்த பதிப்பு வந்தால் பக்கத்திலேயே இன்னொரு ஃபோல்டர், பழையது அப்படியே கிடக்கும், பழைய புராஜெக்ட் எதுவும் உடையாது. மேக்கோடு மைனஸ் ஜே போடும்போது மெமரி குறைவான இயந்திரத்தில் எண்ணைக் குறைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு இணை வேலையும் கணிசமான மெமரி கேட்கும், பாதியில் கம்பைலர் கொல்லப்பட்டுப் போனால் பிழைச் செய்தியில் காரணமே தெரியாது. இன்னொன்று, வெரிலேட்டர் ரூட் என்ற சூழல் மாறி (பெரிய எழுத்தில், நடுவில் அண்டர்ஸ்கோர்) பழைய பதிப்பைக் காட்டிக்கொண்டிருந்தால் கட்டுவதற்கு முன் அதை அன்செட் செய்துவிடுங்கள்.

நம் கவுண்டரை ஓட்ட "வெரிலேட்டர் மைனஸ் மைனஸ் பைனரி மைனஸ் மைனஸ் டிரேஸ்", பிறகு கோப்புகள். முடிவில் ஆப்ஜ் அண்டர்ஸ்கோர் டிர் என்ற ஃபோல்டருக்குள் பெரிய வி எழுத்தில் தொடங்கும் ஒரு நிரல் இருக்கும், அதை ஓட்டுங்கள். வெரிலேட்டர் எச்சரிக்கை ஒன்று வந்தாலே நின்றுவிடும். அதை அடக்க ஒரு ஃப்ளாக் இருக்கிறது, ஆனால் முதலில் எச்சரிக்கையைப் படியுங்கள். பிட் அகலம் பொருந்தவில்லை என்று அது சொல்லும் இடங்களில் பெரும்பாலும் உண்மையான தவறு இருக்கும்.

இப்போது இந்த வழிகாட்டியில் நான் மிக விரும்பும் சோதனை. டெஸ்ட்பெஞ்சில் ரீசெட்டைத் தொடக்கத்திலிருந்தே 0 ஆக்கிவிட்டு இரண்டு சிமுலேட்டரிலும் ஓட்டிப் பாருங்கள். ஐகாரஸ் எக்ஸ் என்று அச்சிடும், வேவ்ஃபார்மில் சிவப்பாக இருக்கும், ஏனென்றால் ரீசெட் ஆகாத ரெஜிஸ்டரின் மதிப்பு யாருக்கும் தெரியாது, தெரியாததோடு ஒன்று கூட்டினாலும் தெரியாததுதான். வெரிலேட்டரோ அமைதியாக 22 என்று சொல்லும். அது பெரும்பாலும் 0, 1 என்ற இரண்டு நிலையோடுதான் வேலை செய்கிறது; தொடக்க மதிப்பு தராத ரெஜிஸ்டரை, நீங்கள் வேறு எதுவும் சொல்லாதவரை, பூஜ்யமாக எடுத்துக்கொண்டது. டிசைனில் ரீசெட் மறந்துபோன ரெஜிஸ்டர் ஒன்று இருந்தால் வெரிலேட்டரில் எல்லாம் சரியாக ஓடி, சிப்பில் போய்த்தான் கையை விரிக்கும். அதனால்தான் இரண்டையும் வைத்துக்கொள்ளச் சொல்கிறேன்.

விஎச்டிஎல் எழுதுகிறவர்களுக்கு

வெரிலாக் போன்ற இன்னொரு மொழியான விஎச்டிஎல்லில் எழுதினால் ஜிஎச்டிஎல் என்ற சிமுலேட்டரைப் போடுங்கள். டெபியன் வகை டிஸ்ட்ரோக்களில் இது எம்கோட், எல்எல்விஎம், ஜிசிசி என்று மூன்று வடிவில் வருகிறது. குழப்பமிருந்தால் எம்கோட், சட்டென்று கம்பைல் ஆகும். மைனஸ் ஏ என்றால் பகுப்பாய்வு, மைனஸ் இ என்றால் இணைப்பு, மைனஸ் ஆர் என்றால் ஓட்டம். ஸ்டாண்டர்டு 08 என்று ஃப்ளாக் கொடுக்கிறீர்கள் என்றால் மூன்றிலும் கொடுங்கள். ஒன்றில் கொடுத்து மற்றொன்றில் விட்டால் நீங்கள் சற்று முன் கம்பைல் செய்த என்டிட்டியையே காணோம் என்று சொல்லும். வேவ்ஃபார்மை ஜிஎச்டபிள்யூ வடிவில் எடுங்கள், ஸ்டேட் பெயர்கள் அப்படியே தெரியும்.

பைதானில் டெஸ்ட்பெஞ்ச் எழுத கோகோடிபி வேண்டும் என்றால் ஒரு தனி விர்ச்சுவல் சூழல் உருவாக்கி அதற்குள் பிப் மூலம் போடுங்கள். புதிய டெபியன், உபுண்டுவில் நேரடியாகப் பிப் போட்டால் மறுத்துவிடும். அதை மீறும் ஃப்ளாக்கைத் தொடாதீர்கள், சிஸ்டம் பைதான் கெட்டால் வேறு பல நிரல்களும் சேர்ந்து கெடும்.

வணிக சிமுலேட்டர்: நிறுவல்

இனி வருவதுதான் அதிக நேரம் தின்பது. இறக்கியதும் செக்சம் சரிபாருங்கள். 50 ஜிபி கோப்பில் ஒரு துண்டு கெட்டிருந்தால் நிறுவல் கடைசிக் கட்டத்தில்தான் விழும். டெம்ப் ஃபோல்டரில் இடம் போதுமா, அது நிரல் ஓட்டத் தடை போட்டு மவுன்ட் செய்யப்பட்டிருக்கிறதா என்றும் பாருங்கள். இடம் போதாவிட்டாலும் தடை இருந்தாலும் டெம்ப்டிர் என்ற மாறியை, பெரிய எழுத்தில், வேறு ஃபோல்டருக்குத் திருப்பிவிட்டு நிறுவியை ஓட்டுங்கள். சேருமிடத்தை முன்கூட்டியே உருவாக்கி உங்கள் பயனர் பெயருக்கு உரிமை கொடுத்துவிட்டால் ரூட் ஆக ஓட்டவே தேவையில்லை. கேபிள் டிரைவருக்கு மட்டும் பிற்பாடு ரூட் வேண்டும்.

நிறுவி பாதியில் எந்தச் செய்தியும் இல்லாமல் நின்றுபோனால், அல்லது நிறுவிய பின் சிமுலேட்டர் திறக்கவே இல்லை என்றால், காணாமல் போன லைப்ரரி ஒன்றைத்தான் முதலில் சந்தேகப்பட வேண்டும். அந்த நிரலின் உண்மையான பைனரியைத் தேடிப் பிடித்து (வெளியே தெரிவது பெரும்பாலும் ஒரு ஷெல் ஸ்கிரிப்ட்தான்) அதன் மேல் எல்டிடி ஓட்டி, "நாட் ஃபவுண்ட்" என்று வரும் வரிகளைப் பாருங்கள். வழக்கமாக மாட்டுவது டின்ஃபோ 5, என்கர்சஸ் 5. புதிய டிஸ்ட்ரோக்கள் 6-க்குப் போய்விட்டன, உபுண்டு 24.04 தன் களஞ்சியத்தில் இருந்து 5-ஐ எடுத்தேவிட்டது. 6-ஐக் காட்டும் ஒரு சிம்லிங்க்கை 5 என்ற பெயரில் வைத்தால் பல நேரம் வேலை நடந்துவிடும். ஆனால் அந்த லிங்க்கை சிஸ்டம் லைப்ரரி ஃபோல்டரில் போடாதீர்கள், சிமுலேட்டரின் சொந்த லைப்ரரி ஃபோல்டருக்குள் போடுங்கள். அங்கே போட்டால் அதன் விளைவு அந்தக் கருவியோடு நின்றுவிடும்.

மாடல்சிம் என்ற வணிக சிமுலேட்டரின் பழைய இன்டெல் எஃப்பிஜிஏ பதிப்பு 32 பிட் நிரல். 64 பிட் உபுண்டுவில் அதை ஓட்ட முதலில் டிபிகேஜியிடம் ஐ386 கட்டமைப்பைச் சேர்க்கச் சொல்லி, ஏபிடி அப்டேட் கொடுத்து, எக்ஸ்எஃப்டி, எக்ஸ்எக்ஸ்ட், என்கர்சஸ் ஆகியவற்றின் ஐ386 பதிப்புகளைப் போட வேண்டும். அதன் பின் வந்த குவெஸ்டா ஸ்டார்ட்டர் 64 பிட் என்பதால் இந்தத் தொல்லை இல்லை, ஆனால் இலவசம் என்றாலும் லைசென்ஸ் கோப்பு கேட்கும்.

ஷெல் ஸ்கிரிப்ட் புரியாத இலக்கணப் பிழை காட்டினால் காரணம் டேஷ். டெபியன் வகையில் "ஸ்லாஷ் பின் ஸ்லாஷ் எஸ்எச்" என்பது பேஷ் இல்லை, டேஷ். பல நிறுவனங்களின் ஸ்கிரிப்டுகள் அது பேஷ் என்று நம்பி எழுதப்பட்டவை. ஸ்கிரிப்டின் முதல் வரியைப் பேஷுக்கு மாற்றுங்கள், போதும்.

நிறுவல் முடிந்ததும் செட்டிங்ஸ் கோப்பு ஒன்றைக் காட்டி இதை, டெர்மினல் திறக்கும்போதெல்லாம் ஓடும் பேஷ்ஆர்சி கோப்பில் சேர்க்கச் சொல்வார்கள். தயவுசெய்து சேர்க்காதீர்கள். அந்தக் கோப்புகளில் பல, எல்டி லைப்ரரி பாத் என்ற மாறியின் முன்னால் தன் பழைய சி++ லைப்ரரியை நுழைக்கின்றன. அப்புறம் சம்பந்தமே இல்லாத நிரல்கள் எல்லாம் ஜிலிப்சிஎக்ஸ்எக்ஸ் பதிப்பு கிடைக்கவில்லை என்று விழும், நீங்கள் டிஸ்ட்ரோவையே சந்தேகப்படுவீர்கள். ஒவ்வொரு கருவிக்கும் "பின்" என்ற பெயருள்ள ஃபோல்டரில் நாலு வரி ஸ்கிரிப்ட் ஒன்று எழுதுங்கள்: செட்டிங்ஸை சோர்ஸ் செய்து, லைசென்ஸ் மாறியை வைத்து, சிமுலேட்டரை எக்ஸெக் செய்வது. பலர் பகிரும் இயந்திரம் என்றால் என்விரான்மென்ட் மாட்யூல்ஸ் இதையே ஒழுங்காகச் செய்யும்.

லைசென்ஸ் சர்வர்

முதலில் சொன்ன அந்த ஒரு நாள் இங்கேதான் போனது. எல்எம்ஜிஆர்டி என்ற லைசென்ஸ் சர்வர் நிரல் ஃபோல்டரில் இருக்கிறது, ஓட்டும் உரிமையும் இருக்கிறது, ஓட்டினால் "அப்படி ஒரு கோப்போ ஃபோல்டரோ இல்லை". நான் மறுபடி மறுபடி பாதையைச் சரிபார்த்துக்கொண்டிருந்தேன். கெர்னல் இல்லை என்று சொன்னது எல்எம்ஜிஆர்டியை அல்ல, அதை ஏற்ற வேண்டிய லோடரை. "ஃபைல்" கட்டளையை அதன் மேல் ஓட்டிப் பாருங்கள், இன்டர்ப்ரிட்டர் என்ற இடத்தில் லிப்64-க்குள் எல்டி எல்எஸ்பி என்று தொடங்கி எஸ்ஓ.3 என்று முடியும் ஒரு பெயர் வரும். இன்றைய டிஸ்ட்ரோக்களில் அது இருப்பதில்லை. அந்தப் பெயரில், அதே ஃபோல்டரில் இருக்கும் எல்டி லினக்ஸ் எஸ்ஓ.2-க்கு ஒரு சிம்லிங்க் போட்டால் உடனே உயிர் வரும். இந்த ஒரு லிங்க் மட்டும் சிஸ்டம் ஃபோல்டரில்தான் போட்டாக வேண்டும், வேறு வழியில்லை.

அடுத்து, லைசென்ஸ் எந்த இயந்திரத்துக்கு என்று குறிக்கும் ஐடியை எல்எம்யூடில் எல்எம்ஹோஸ்ட்ஐடி என்று கொடுத்து எடுங்கள். அது நெட்வொர்க் கார்டின் மேக் முகவரி. வெறுமையாக வந்தால், பழைய லைசென்ஸ் நிரல் ஈத்0 என்ற பெயரை மட்டும் தேடுகிறது, உங்கள் கார்டுக்கு இன்றைய வழக்கப்படி வேறு பெயர் இருக்கிறது என்று அர்த்தம். புதிய எல்எம்யூடில் போட்டுப் பாருங்கள். அதுவும் முடியாவிட்டால் பூட் லோடரான க்ரப்பில் நெட்.இஃப்நேம்ஸ்=0 என்ற கெர்னல் அளவுருவைச் சேர்த்து மறுதொடக்கம் செய்யுங்கள். யூஎஸ்பி அடாப்டரின் முகவரியைக் கொடுத்து லைசென்ஸ் வாங்காதீர்கள், அதைக் கழற்றிய அன்று சிமுலேட்டரும் நின்றுவிடும்.

லைசென்ஸ் கோப்பில் சர்வர் வரியில் இயந்திரத்தின் பெயரை மாற்றலாம், ஐடியை மாற்ற முடியாது. அதே வரியின் கடைசியில் ஒரு போர்ட் எழுதுங்கள், வழக்கமாக 27000-இல் இருந்து 27009-க்குள். பலர் இதோடு நிறுத்திவிட்டு ஃபயர்வாலைத் திறக்கிறார்கள், மற்ற இயந்திரங்கள் அப்படியும் இணைய மறுக்கின்றன. காரணம், வெண்டர் டீமன் என்ற, சிமுலேட்டர் நிறுவனம் தரும் இரண்டாவது பின்னணி நிரல் ஏதோ ஒரு போர்ட்டைத் தானே எடுத்துக்கொள்கிறது. வெண்டர் வரியிலும் போர்ட்= என்று ஒரு எண்ணை நிலையாக எழுதி, இரண்டு போர்ட்டையும் திறங்கள்.

யூஎஸ்ஆர் டெம்ப் என்ற ஃபோல்டர் இல்லாவிட்டாலும் டீமன் முரண்டு பிடிக்கும், உருவாக்கிவிடுங்கள். சர்வரை ரூட் ஆக ஓட்டாமல் சாதாரணப் பயனராக, மைனஸ் எல் கொடுத்து லாக் கோப்போடு ஓட்டுங்கள். நிறுத்திய கையோடு மறுபடி தொடங்கினால் போர்ட் திறக்கவில்லை என்று சொல்லக்கூடும், ஓரிரு நிமிடம் பொறுத்துத் தொடங்குங்கள். கடைசியாக, சிமுலேட்டர் ஓடும் இயந்திரத்தில் எல்எம் லைசென்ஸ் ஃபைல் மாறியில், பெரிய எழுத்தில், சொற்களுக்கு நடுவே அண்டர்ஸ்கோரோடு, போர்ட், அட் குறி, சர்வர் பெயர். எல்எம்ஸ்டாட் மைனஸ் ஏ உங்கள் சிமுலேட்டரின் பெயரைக் காட்டினால் நம் கவுண்டரை ஓட்டுங்கள், 20 வர வேண்டும்.

டிஸ்ட்ரோ பொருந்தவே இல்லை என்றால்

லைப்ரரிகளோடு நாள்கணக்கில் மல்லுக்கட்டாமல் பாட்மேன் என்ற கன்டெய்னர் கருவியில் ராக்கி 8 கன்டெய்னர் ஒன்று வைத்து, சிமுலேட்டர் ஃபோல்டரை உள்ளே மவுன்ட் செய்து ஓட்டுங்கள். நெட்வொர்க்கை ஹோஸ்ட் என்று வையுங்கள், இல்லையென்றால் உள்ளே தெரியும் மேக் முகவரி வேறாக இருக்கும், முகவரியோடு கட்டிய லைசென்ஸ் ஏற்காது. ஜன்னல் திறக்க எக்ஸ் சாக்கெட்டையும் டிஸ்ப்ளே மாறியையும் (பெரிய எழுத்தில்) உள்ளே கொடுக்க வேண்டும். என் இயந்திரத்தில் பழைய சிமுலேட்டர் ஒன்று இப்படித்தான் ஓடுகிறது, மூன்று முறை டிஸ்ட்ரோவை மேம்படுத்தியும் அதைத் தொட வேண்டி வரவில்லை.

இனி உண்மையான டிசைனை ஓட்டலாம். அதற்கு முன் வேவ்ஃபார்ம் டம்ப்பை விசிடி வடிவிலிருந்து எஃப்எஸ்டி வடிவுக்கு மாற்றிவிடுங்கள்: ஐகாரஸில் விவிபியின் கடைசியில் மைனஸ் எஃப்எஸ்டி, வெரிலேட்டரில் டிரேஸ் மைனஸ் எஃப்எஸ்டி. விசிடி வெறும் எழுத்துக் கோப்பு, இரவு முழுக்க ஓடும் ஒரு சிமுலேஷன் காலைக்குள் டிஸ்க்கையே நிரப்பிவிடும்.